கொம்பு இடம் மாறிய பேர்

எதை எழுதுவதற்கு முன்னாலும் கலைச்செல்வன் சுட்டுவிரலால் காற்றில் ஒருமுறை எழுதிப் பார்ப்பார், வலமிருந்து இடமாக. சோற்றுத் தட்டின் முன்னால் உட்கார்ந்துகூட எழுதுவார். கல்யாணமாகி வந்த புதிதில் ஆண்டாயி பயந்துபோனாள். பிறகுதான் விளங்கியது. அச்சுப் பலகையில் திருப்பிச் செதுக்கினால்தான் தாளில் நேராக விழும். 'கெ' எழுத்தின் கொம்பு தாளில் இடப்பக்கம் நிற்க, பலகையில் அது வலப்பக்கம் நிற்க வேண்டும். விரல் தேடியது அந்தக் கொம்புகளைத்தான்.

அவர்கள் ஊரான குன்னத்தில் டீக்கடை மாயவனுக்கு அது தீராத கேலி. "என்ன ஆர்ட்டிஸ்ட்டு, கொசு ஓட்டுறியா, பேய் ஓட்டுறியா?"

பள்ளிக்கூடச் சுவரில் மயில், தண்ணீர்த் தொட்டியில் ஊர்ப்பேர், கடைப் பலகை எல்லாம் அவர் கைதான். வெயிலில் நின்று வந்த பிறகு வேப்பம்பலகையில் படம் வெட்டுவார். மையைத் தடவி, தாளை வைத்து, கரண்டி முதுகால் தேய்த்து எடுப்பார். சாவு வீட்டுக்காரர்கள் அஞ்சலி நோட்டீசுக்கு நாலு வரி கேட்டு வருவார்கள். எழுதிக் கொடுப்பார். கீழே மகன், மருமகன், பேரப்பிள்ளைகள் பேர் வரும். ஏலாக்குறிச்சிக்காரர் ஒருவர் பஸ்ஸில் அவர் எழுதிய வரிகளையே அவருக்குச் சொல்லிக் காட்டி, "எங்க மச்சான் எழுதுனதுங்க" என்று கண்ணைத் துடைத்தார். "நல்லாருக்குங்க" என்றார் கலைச்செல்வன்.

போன தை மாதம் பெரம்பலூரில் கண்காட்சி வைத்தார்கள். சொந்தப் படம், அதிலேயே சொந்தக் கவிதை என்பது விதி.

"இதையாவது எம் பேரோட போடணும் ஆண்டாயி" என்றார். அவர் வாய்விட்டு எதையும் கேட்டு அவள் பார்த்ததில்லை.

படத்தில் காய்ந்த மக்காச்சோளக் கொல்லை. நடுவில் ஒரு பொம்மை. அதற்குக் கீழே,

மழை வராத வருசமும்
கொல்லைப் பொம்மைக்குச்
சட்டை மாற்றுகிறோம்.

பகலெல்லாம் சுவர் வேலை, வந்து பலகை வேலை. கை வீங்கிப்போனது. படம் கொடுக்க வேண்டிய கடைசி நாள் மத்தியானம் பேரையும் ஊரையும் வெட்டி முடித்தார். தாளைத் தூக்கியதும் ஆண்டாயிதான் முதலில் பார்த்தாள்.

"என்னங்க... உங்க பேருல கொம்பு ரெண்டும் பின்னாடி நிக்குது."

குனிந்து பார்த்தார். 'லை'க்கும் 'செ'க்கும் முன்னால் நிற்க வேண்டியவை பின்னால் நின்றன. கவிதையில் ஒரு பிசகும் இல்லை. ஊரார் பேரையெல்லாம் காற்றில் எழுதிப் பார்த்தவர், தன் பேர்தானே என்று அதை மட்டும் எழுதிப் பார்க்காமல் வெட்டியிருக்கிறார்.

"பேரு போட்டுக்கணும்னு கொம்பு மொளச்சுதில்ல, அதான் எடம் மாறி மொளச்சிருக்கு" என்றார். சிரிக்கவில்லை.

வேறு பலகை இல்லை. பஸ்ஸுக்கும் நேரமாகிவிட்டது. உளியை எடுத்துப் பேரை மட்டும் சுரண்டித் தள்ளிவிட்டு இன்னொரு தாளில் அச்செடுத்தார். கீழே ஊர் மட்டும் விழுந்தது.

"பேனாவுல எழுதிருங்களேன்."

"மூணு வரியும் அச்சுல, பேரு மட்டும் பேனாவுலயா? விடு. அலுப்பா இருக்கு."

கண்காட்சிக்கு இருவரும் போனார்கள். கல்லூரிப் பெண்ணொருத்தி அந்தப் படத்தின் முன்னாலேயே நெடுநேரம் நின்றாள். "யாருங்க இந்தக் குன்னம்? நல்லா எழுதியிருக்காரே, புனைபேரா?" என்று ஆண்டாயியிடம் கேட்டாள். ஆண்டாயி புருஷனைத் திரும்பிப் பார்த்தாள்.

"அது எங்க ஊரும்மா" என்றார் அவர்.

படம் இப்போது பெரம்பலூரில் ஒரு படிப்பகச் சுவரில் தொங்குகிறது. கீழே குன்னம் என்றுதான் இருக்கிறது. கொம்பு மாறிய தாளை ஆண்டாயி அலமாரிக் கதவின் உள்பக்கம் ஒட்டியிருக்கிறாள். பேரை மட்டும் வெட்டுவதற்கென்று அவள் வாங்கிவந்த பலகைத் துண்டு ஜன்னலில் கிடக்கிறது. அவர் இன்னும் வெட்டவில்லை.