புலவர் படத்தில் உங்கள் மாமன்

பிள்ளைகளே, அமாவாசைக்கு அமாவாசை உங்கள் அம்மா இலையில் சோற்றை வைத்துவிட்டு, காக்கை கொத்துமுன்னே ஏன் எடுத்துவிடுகிறாள் என்று கேட்டீர்கள். எழுதிவைக்கிறேன்.

அம்மாவுக்கு ஒரே தம்பி. மதுரையில் இருந்தான். நாங்கள் ஆள் சேர்க்க வந்த கங்காணியோடு கடல் தாண்டி, இந்த நமுனுகுல மலைத் தேயிலைத் தோட்டத்துக்கு வந்த பிறகு அவனிடமிருந்து ஒரு கடிதாசியும் இல்லை. பன்னிரண்டு வருஷம் தகவலில்லாதவனைச் செத்தவனாக வைத்துக் கருமாதி செய்துவிட வேண்டும் என்பது நம் வழக்கம். அம்மா மாட்டேன் என்றாள். நான்தான் விடாமல் சொல்லிச் சம்மதிக்க வைத்தேன். ஓடைக்கரையில் வைக்கோலால் ஆள் கட்டி எரித்தோம். கொள்ளி வைத்ததும் நானே.

அதற்கு மூன்றாம் வருஷம் பதுளையில் கூடாரம் போட்டு பயாஸ்கோப் காட்டினார்கள். இந்தியா தேசமே கொண்டாடிய ஒரு தமிழ்ப் புலவரின் சரித்திரம். கால்மணி நேரப் படம். ஞாயிற்றுக்கிழமை லயத்து வரிசைவீட்டு ஆட்களோடு நாங்களும் நடந்து போனோம். படம் பேசாது, ஒருவர் கம்பை நீட்டி விளக்கிக்கொண்டு நின்றார். புலவர் பிறந்த வீடு, அவர் எழுதுவது, பிறகு மதுரை வீதியில் அவருக்கு ஊர்வலம். புலவர் முகம் வந்ததும் நம் ஆட்கள் தலைத்துண்டை எடுத்துவிட்டு எழுந்து நின்றார்கள்.

"உக்காருங்கடா! தோட்டத்துத் தொரையா வந்துட்டாரு?" என்று பின்னாலிருந்து ஒருவன் கத்தினான்.

அப்போதுதான் அம்மா என் கையைப் பிடித்தாள். "ஏங்க, புலவருக்குக் கொடை புடிச்சு வர்றான் பாருங்க. என் தம்பிங்க!"

குடையோடு, அவன் எப்போதும் நடப்பதுபோல் இடது தோளைச் சாய்த்து நடந்தான். அவனேதான்.

அடுத்த ஆட்டத்துக்கும் உட்கார்ந்தோம். மறுபடியும் வந்தான். அம்மா அழுதுகொண்டே சிரித்தாள். "உசுரோட இருக்கான். நாளைக்கே கடிதாசி போடுங்க."

வெளியே வந்து, விளக்கம் சொன்னவரிடம் அந்த ஊர்வலம் எப்போது நடந்தது என்று கேட்டேன்.

"பழசுய்யா, பத்து வருசமிருக்கும். புலவரே செத்து எட்டு வருசமாச்சே."

"அப்ப கொடை புடிச்சவன்?" என்றாள் அம்மா.

"அவனை யாரு ஆத்தா கண்டா? படம் புலவருக்கு எடுத்தது."

நாங்கள் கொள்ளி வைத்த நாளில் அந்த ஊர்வலம் நடந்து ஏழெட்டு வருஷம்தான்; பன்னிரண்டு ஆகவில்லை. மலையேறி வரும்போது அம்மா ஒன்றுதான் கேட்டாள்: "உசுரோட இருந்தவனுக்கா கொள்ளி வச்சீங்க?"

மதுரைக்கு மூன்று கடிதாசி போட்டேன். ஒன்றுக்கும் பதிலில்லை. இருக்கிறானா, இல்லையா, இன்றுவரை தெரியாது. செத்தவனென்று இலை போடுகிறாள். காக்கை கரைந்ததும், இருப்பானோ என்று எடுத்துவிடுகிறாள். வை என்று சொல்லவும், எடு என்று சொல்லவும் எனக்கு வாயில்லை.