முட்டைக்கோது கிடந்த மூலை

என்ரை மகள் கலியாணம் முடிச்சுக் கனடாவுக்குப் போகேக்கை என்னட்டை விட்டிட்டுப் போனது ஒரு பிளாஸ்ரிக் பெட்டி. உள்ளுக்குப் பூச்சியள். பூச்சாடியைத் தூக்கினால் கீழை இருக்குமே, தொட்டவுடனை உருண்டையாச் சுருளுற சாம்பல் பூச்சி, அந்தச் சாதிதான். இதுகள் செம்மஞ்சள். அவள் கொழும்பிலை படிக்கேக்கை ஆரோ வளர்க்கக் குடுத்ததாம். ஊர்ச்சனம் நாய் வளர்க்குது, கோழி வளர்க்குது. என்ரை தலைவிதி இது.

பெரிய வேலை எண்டு சொல்லேலாது. காய்ஞ்ச பலாச்சருகு போடவேணும், இடைக்கிடை ஒரு துண்டு வெள்ளரிக்காய். மண் ஒரு பக்கம் ஈரமாயும் மற்றப் பக்கம் காய்ஞ்சும் இருக்கவேணும். தோல் உரிக்கிற பூச்சியளுக்குச் சுண்ணாம்புச் சத்து வேணுமாம், அதுக்கு இடிச்ச முட்டைக்கோது. நான் சைவம். கோதைப் பக்கத்து வீட்டிலை வாங்கி, வெளி முத்தத்திலை வைச்சு இடிச்சு, கை கழுவிப்போட்டுத்தான் உள்ளுக்கு வருவன்.

ஞாயிற்றுக்கிழமையளிலை மகள் வீடியோக் கோல் எடுப்பாள். "அம்மா, பெட்டியைக் காட்டுங்கோ." சருகை விலக்கிக் காட்டுவன். "குட்டி போட்டிருக்கோ?" "ஓம்." "ஈரம் காணுமோ?" "காணும், மண் காயேல்லை." அவ்வளவுதான், போனை வைச்சிடுவாள். என்ரை சுகம் ஒரு நாளும் கேக்கேல்லை. எனக்கு எரிச்சல் எரிச்சலா வரும். ஆனா உந்தப் பூச்சியள் இல்லாட்டி அந்தக் கோலும் வராது எண்ட பயம் நல்லா இருந்தது. அதாலைதான் பாத்துப் பாத்துத் தீன் போட்டன்.

அம்மன் கோயில் கொடியேறுறதுக்கு முதல்நாள் வீடு முழுக்கக் கழுவி மஞ்சள் தண்ணி தெளிச்சன். பெட்டிக்குள்ளை முட்டைக்கோது கிடக்கு. கொடியேறுற நேரம் வீட்டுக்குள்ளை உது கிடக்கலாமோ? அள்ளி எறிஞ்சன். அதோடை விட்டிருக்கலாம். சைவமில்லாத மச்சம் கிடந்த மூலையெல்லோ, தெளிச்சால் மட்டும் காணாதெண்டு வாளியிலை மிஞ்சின மஞ்சள் தண்ணியையும் பெட்டிக்குள்ளை ஊத்தி மூடிவிட்டன். தேருக்கு முதலே பூச்சியெல்லாம் வெளிறிப்போய்க் கிடந்து அழுகி மணந்தது.

ஞாயிற்றுக்கிழமை மகள் எடுத்தாள். பெட்டியைக் கேட்டாள்.

"எல்லாம் செத்துப்போச்சு பிள்ளை. நான்தான் மஞ்சள் தண்ணி ஊத்தினனான்" எண்டன்.

இனி வைச்சிடுவாள், பேந்து எடுக்கவும் மாட்டாள் எண்டு நினைச்சன்.

"உங்களுக்கு எப்பிடி இருக்கம்மா?" எண்டாள்.

எனக்கு வந்ததே ஒரு கோபம். "பூச்சியெல்லாம் செத்தாப் பிறகுதான் என்னைக் கேக்கிறியோ?" எண்டு நல்லாப் பேசிப்போட்டன். அவள் போனை வைக்கேல்லை.

நான் முழங்கால் நோவிலை இருந்து சொல்லத் துவங்கினன்.