ஆறாம் நாள் கலங்கிய குப்பி

என் மனைவியின் இதயத்தைத் தாக்கிய கிருமி கண்டறியப்பட்ட செய்தியை எழுதாமல் விடுவது நேர்மையன்று. உறவினர் அனைவரும் மருத்துவரின் திறமையையே புகழ்கின்றனர். அக்கிருமி அத்தனை நாள் மறைந்திருந்ததற்கு நானே காரணம் என்பதை ஒருவரும் சொல்வதில்லை. நான் செய்த பிழை குருசுக்குப்பத்தை அடுத்த எங்கள் தெருவில் இன்றும் நாள்தோறும் நடைபெறுகிறது. ஆகவே இதனைப் பதிவு செய்கிறேன்.

இரண்டாயிரத்தைக் கடந்து சில ஆண்டுகள் ஆகியிருந்தன. பிரெஞ்சுப் பள்ளியொன்றில் தமிழாசிரியராகப் பணியாற்றி அப்போதுதான் ஓய்வு பெற்றிருந்தேன். என் மனைவிக்கு மாலைதோறும் காய்ச்சல் கண்டது. தெருமுனை மருந்துக்கடைக்காரர் அட்டையிலிருந்து நான்கு மாத்திரைகளை வெட்டி, தாளில் மடித்துத் தந்தார். இரண்டு நாளில் காய்ச்சல் தணிந்தது, நிறுத்திவிட்டேன். பத்து நாளில் மீண்டும் வந்தது. மீண்டும் நான்கு மாத்திரைகள். மூன்றாம் முறை அவளுக்கு மூச்சு வாங்கத் தொடங்கிய பின்னரே மருத்துவமனைக்கு அழைத்துச் சென்றேன்.

இதயத்தை ஒலியலைக் கருவியால் ஆராய்ந்த மருத்துவர், இளமையில் வந்த மூட்டுக்காய்ச்சலால் பழுதுபட்டிருந்த வால்வின்மீது கிருமிகள் திரள் கட்டியிருப்பதைக் காட்டினார். திரளின் துணுக்கு உடைந்து மூளைக்குச் சென்றால் உயிருக்கே இடர். எந்தக் கிருமி என்று தெரிந்தால்தான் உரிய மருந்தை உறுதியாகத் தர இயலும் என்று குருதியைக் குப்பிகளில் எடுத்து வளர்ப்புச் சோதனைக்கு அனுப்பினார்.

“இதுக்கு முன்னாடி ஆன்டிபயாடிக் எதுனா குடுத்தீங்களா சார்?”

“ஒன்றுமே இல்லை” என்றேன். காய்ச்சல் மாத்திரை வேறு, நுண்ணுயிர்க்கொல்லி வேறு என்பதே என் துணிபு.

நான்கு நாள் கடந்தும் குப்பிகளில் எதுவும் முளைக்கவில்லை. மருத்துவர் கட்டிலருகே நின்று நெற்றியைத் தேய்த்துக்கொண்டிருந்தபோது, என் மனைவி கைப்பையில் சீப்பைத் தேடி ஒரு தாள் மடிப்பை வெளியே எடுத்தாள்.

“என்னாங்க, இந்த மாத்திரை ஒண்ணு மிச்சம் கெடக்குதே. ஜொரம் வுட்டுடுச்சின்னு நீங்கதான நிறுத்தினீங்க?”

மருத்துவர் அதனை வாங்கி வெளிச்சத்தில் பிடித்தார். வெட்டுண்ட அட்டையில் பெயரின் பாதியே எஞ்சியிருந்தது. அவருக்கு அது போதும்.

“சார், இது ஆன்டிபயாடிக்தான்! கிருமிய கொல்லாம அரை மயக்கத்துல வச்சிருக்கீங்க. அப்புறம் எப்படி வளரும்?”

என் நாணத்தை விவரிக்கத் தேவையில்லை. ஆனால் அவர் முகத்தில் சினத்தைக் காட்டிலும் ஊக்கமே மிகுந்திருந்தது. இதயம் நிலையாக இருப்பதால் கண்காணிப்பில் வைத்து, மேலும் இரண்டு நாள் எந்த நுண்ணுயிர்க்கொல்லியும் தராமல் மீண்டும் குருதி எடுக்கலாம் என முடிவு செய்தார். குப்பிகளை வழக்கத்தைவிட நெடுநாள் வைத்திருக்குமாறு ஆய்வகத்திற்கும் எழுதினார். அந்த இரண்டு நாளும் அவளைப் பேசவைத்துக்கொண்டே இருந்தேன். சொல் குழறுகிறதா என்று செவி கூர்ந்திருந்தேன்.

“நான் நல்லாதான் பேசறேன். நீங்கதான் கொழறுறீங்க” என்றாள்.

குருதி எடுத்தவுடன் உத்தேசமாக இரு மருந்துகளைத் தொடங்கினர். காய்ச்சல் குறைந்ததேயன்றி ஒழியவில்லை. அவற்றுள் ஒன்று சிறுநீரகத்தை வருத்தத் தொடங்கியதைச் சோதனைகள் காட்டின. அதனை நிறுத்தவும் அஞ்சினர், தொடரவும் அஞ்சினர். நான் காலையும் மாலையும் ஆய்வக வாயிலில் நின்றேன்.

இரண்டாம் முறை குருதி எடுத்த ஆறாம் நாள் காலை, அங்குப் பணிபுரிந்த மருத்துவ அம்மையார் கதவைத் திறந்து, “ஐயா, வளந்துடுச்சு! உள்ள வாங்க” என்றார். குப்பியில் மெல்லிய கலங்கல் தெரிந்தது. நுண்ணோக்கியில் கண் வைத்தேன். இளஞ்சிவப்பு நிறச் சிறு கோல்கள், சில இடங்களில் பூவிதழ்கள்போல் வட்டமாகக் கூடி நின்றன! சில நாள் கழித்து வந்த முடிவு அதன் பெயரை உறுதி செய்தது: கார்டியோபாக்டீரியம். நம் வாயிலும் தொண்டையிலும் தீங்கின்றி வாழ்வது, அரிதாகவே இதயத்தை எட்டுவது, மெதுவாக வளர்வது என அம்மையார் விளக்கினார்.

பெயர் தெரியும் வரை காத்திராமல், நுண்ணோக்கியில் கண்ட அன்றே நான் நடைகூடத்தில் ஓடினேன். அறுபதைக் கடந்தவன் ஓடலாகாது என்று செவிலியர் கடிந்தனர்.

“கெடச்சிடுச்சு! கோல் வடிவம், இளஞ்சிவப்பு, பார்க்க அத்தனை அழகு!”

“என்ன படுக்க வச்ச கிருமி ஒங்களுக்கு அழகா? வேணும்னா வூட்டுக்கு இட்டுனு போயி வச்சிக்குங்க” என்றாள் அவள். மருத்துவர் சிரித்துக்கொண்டே சிறுநீரகத்தை வருத்திய மருந்தை நிறுத்தினார். நாளொன்றுக்கு ஒருமுறை நரம்பில் ஏற்றும் ஒரே மருந்து, நான்கு வாரம் என்றார். மூன்றாம் நாள் காய்ச்சல் முற்றும் நீங்கியது. இரு வாரம் அங்கேயே தங்கினோம். எஞ்சிய நாள்களில் காலைதோறும் ஆட்டோவில் சென்று ஊசி போட்டுத் திரும்பினோம். ஒரு நாளும் தவறவில்லை. நிறுத்தலாமா என்று நான் கேட்கவும் இல்லை. இறுதிச் சோதனையில் திரள் சுருங்கியிருந்தது. அறுவை தேவையில்லை என்ற சொல்லைக் கேட்டதும் அவள் என் கையைப் பற்றிய பிடி இன்னும் நினைவில் உள்ளது.

நான் மருத்துவம் கற்றவனல்லன். அறிந்தோர் இதில் பிழை கண்டால் எழுதித் திருத்தியருள வேண்டுகிறேன். சிறப்பாக, இரண்டு நாள் மருந்தின்றி வைத்திருந்ததை நான் சரியாக எழுதினேனா என்று பார்த்துச் சொல்லுங்கள். அதனைத் தவறாகக் கொண்டு எவரும் வீட்டில் மருந்தை நிறுத்திவிடலாகாது.