சுளகில் கிடந்த யப்பான்

புத்தூரில் வந்து யப்பான் ரீச்சர் வீடு எது என்று கேட்டால் சின்னப் பிள்ளையும் கைகாட்டும். அவளுடைய சொந்தப் பெயர் குணலட்சுமி. என் மனுசனின் ஒரே தங்கச்சி, எனக்கு மச்சாள். மனுசனின் பெயரை நான் வாயால் சொல்வதில்லை. இதை எழுதுகிற பேத்தியே பஞ்சலிங்கம் என்று போட்டுக்கொள்ளட்டும். எனக்கு எழுத்துத் தெரியாது. ஆனால் குணம் யப்பானுக்குப் போன பயணத்தில் எத்தனையாம் நாள் எந்த ஊர் என்று இன்றைக்கும் கேளுங்கள், நித்திரையிலும் சொல்வேன்.

குணம் பெண்பிள்ளைகளின் பள்ளிக்கூடத்தில் பாட்டு ரீச்சர். திருவனந்தபுரத்துக்குப் புகையிலை கொண்டுபோய் விற்ற என் மாமனார், ஒரு முறை திரும்பி வரும்போது ஒரு வீணையும் கொண்டுவந்தார். வீட்டில் யாரும் கேட்காத சாமான். எட்டு வயதுக் குணம்தான் அதை எடுத்து மடியில் வைத்தாள். பிறகு இறக்கவில்லை. பெண்பார்க்க வந்தவர்கள், "கலியாணத்துக்குப் பிறகு உந்தப் பள்ளிக்கூட வேலை வேண்டாம்" என்றார்கள். "அப்ப நீங்கள் வேண்டாம்" என்று இவள் உள்ளேயிருந்து சொல்லிவிட்டாள். அது அவர்களுக்கும் கேட்டது. அதோடு பெண்பார்க்க வருவது நின்றது.

யப்பான் கதை தொடங்கியது லாபிரின் கடையில். யாழ்ப்பாணப் பட்டினத்தில் லாபிர் யப்பான் பீங்கானும் துணியும் விற்றார். முப்பத்துநாலாம் ஆண்டு நாங்கள் கோப்பை வாங்கப் போனபோது, பீங்கான் பெட்டிக்குள் வைக்கோலோடு ஒரு படம் கிடந்தது. ஒரு ஏரி. அதன் நடுவில் தீவு. அதில் ஒரு பெண் தெய்வம், மடியில் வீணை மாதிரி ஒன்று.

"உது அவையின்ரை சாமி, ரீச்சர்" என்றார் லாபிர். "படிப்புக்கும் பாட்டுக்கும் உவவைத்தான் கும்பிடுறவையாம். கோபேயிலை இருக்கிற எங்கடை ஏசெண்டு எழுதினவர். ஆதியிலை இந்தியாவிலை இருந்து போன சாமி எண்டும் எழுதினவர்."

குணம் படத்தைக் கண்ணுக்குக் கிட்டப் பிடித்தாள். "அப்ப உது சரஸ்வதி" என்றாள். "மச்சாள், நான் போய்ப் பார்க்கப் போறன்."

கோயிலடிக்குப் போய்வருவதுபோல் சொன்னாள். நான் கோப்பையைக் கீழே வைத்துவிட்டேன்.

வீட்டில் சொன்னதும் என் மனுசன் சாப்பாட்டுக் கையோடு எழுந்தார். காசைப் பற்றி அவர் வாய் திறக்க முடியாது. பதினொரு வருஷச் சம்பளம் அவளுடையது. ஆகவே வேறு வழியால் வந்தார்.

"சரி, போ. ஆனால் ஒண்டு. அந்தத் தேசத்திலை ஒவ்வொரு நாளும் எங்கை படுக்கிறாய், என்ன சாப்பிடுறாய் எண்டு நான் கேட்கிற நேரம் சொல்ல வேணும். ஒருக்காலாவது 'தெரியாது' எண்டு சொன்னால் பயணம் இல்லை. சம்மதமோ?"

"சம்மதம் அண்ணை."

அவர் நினைத்தது, இது ஆகாத காரியம் என்று. குணத்தை அவருக்குத் தெரியும். என்னைத்தான் அவருக்குச் சரியாகத் தெரியாது.

லாபிர் கோபேக்குக் கடிதம் போட்டார். மறுமொழி வர இரண்டு மாதம். கடிதங்கள் வரவர குணம் வாசித்துச் சொல்வாள். எனக்கு மனதில் நிற்க வேண்டுமே, அதற்காக அரிசி புடைக்கிற ஒரு பெரிய சுளகை எடுத்து அடுப்படி மூலையில் வைத்தேன். ஊருக்கு ஒரு புளியங்கொட்டை, நாளுக்கு ஒரு நெல்மணி. ஐந்து கொட்டை: கோபே, ஒசாக்கா, நாரா, கியோத்தோ, தோக்கியோ. கோபேயில் குஜராத்தி வியாபாரி வீட்டில் தங்கல், அவர்களும் மரக்கறிச் சாப்பாடு. ஒசாக்காவில் பொம்மைக் கூத்து. ஒரு பொம்மையை மூன்று பேர் ஆட்டுவார்களாம். நாராவில் வெண்கலத்தில் பெரிய புத்தர். கியோத்தோவில்தான் அதிக நாள். அங்கே கோயில்களில் மீனும் மச்சமும் தொடாத துறவிகள் சமைத்துப் போடுவார்களாம். அந்தப் படத்து ஏரி அங்கிருந்து கிட்ட. விசயதசமியன்று குணம் அந்தத் தீவில் நிற்க வேண்டும். அந்த ஒரு நெல்லை வைத்துத்தான் மற்ற நெல்லெல்லாம் முன்னும் பின்னும் அடுக்கினோம்.

பெண்பிள்ளை தனியாகப் போவதா என்ற கேள்வி வர முன்னமே அதற்கும் ஆள் பிடித்துவிட்டோம். சிங்கப்பூரில் எங்கள் பெரியம்மாவின் மகள் தங்கமுத்து இருந்தாள். புருஷனை இழந்தவள், இங்கிலீஷ் தெரிந்தவள், எதற்கும் பயப்படாதவள். "நானும் வாறன், கேட்காமல் விட்டிருந்தால்தான் கோபம்" என்று எழுதினாள்.

என் மனுசன் சும்மா இருக்கவில்லை. தோட்டத்தில் தண்ணீர் கட்டிக்கொண்டு நிற்பார், திடீரென்று கேட்பார்.

"பதினோராம் நாள்?"

"கியோத்தோ அண்ணை. கோயில் மடம். சோறும், அவரைக்கொட்டையிலை செய்த வெள்ளைக் கட்டியும்."

"எட்டாம் நாள்?"

"நாரா. அங்கை தெருவிலை மான் திரியுமாம்."

"மான் பார்க்கக் கப்பலோ! வண்டி கட்டினால் வன்னியிலை பார்க்கலாம்."

"வன்னி மான் என்னைக் கண்டால் ஓடும் அண்ணை. நாரா மான் வந்து கும்பிடுமாம்."

ஒருநாள் அவள் பள்ளிக்கூடத்தில் இருந்தபோது என்னிடம் கேட்டுப் பார்த்தார். நான் உலையைக் கிளறிக்கொண்டே பதினேழாம் நாள்வரை சொல்லிவிட்டேன். "உனக்கு ஆர் சொன்னது?" என்றார். "சுளகு" என்றேன். அதற்குப் பிறகு அவர் அந்த மூலைப் பக்கம் திரும்பியும் பார்ப்பதில்லை.

ஒரு நாள் கோழி வந்து கியோத்தோவில் இரண்டு நாளைத் தின்றுவிட்டது. அன்றைக்கு அவருக்குச் சந்தோஷம் சொல்லி முடியாது. "இஞ்சரப்பா, உங்கடை யப்பானைக் கோழி திண்டிட்டுது!" என்று தெருவொழுங்கை முழுக்கக் கேட்கச் சொன்னார். நான் நெல்லைக் கொட்டிவிட்டுக் குன்றிமணி பொறுக்கி வைத்தேன். கோழி தின்னாது, கண்ணுக்கும் வடிவு.

பஞ்சாங்கம் பார்க்காமல் ஒன்றும் செய்யவில்லை. ஒசாக்காவில் இறங்க எந்த நேரம் ஆகாது, தோக்கியோவுக்கு ரயில் ஏற எந்த நாள் நல்லது, எல்லாம் பார்த்தோம். பொரிவிளாங்காய், எள்ளுருண்டை, பனாட்டு, வறுத்த மா என்று தகரத்தில் அடைத்தோம். எல்லாம் முடிந்து பயணத்துக்கு மூன்று கிழமை இருக்கையில் கொழும்பிலிருந்து கப்பல் ரிக்கற் வந்தது. குணம் வாசித்தாள், வாசித்த வாய் அப்படியே நின்றது.

கப்பல் வெளிக்கிடுவது திங்கட்கிழமை.

கியோத்தோவுக்கு ராகுகாலம் பார்த்த நாங்கள், கொழும்பில் கப்பல் எந்தக் கிழமை புறப்படும் என்று கேட்கவில்லை! திங்களும் சனியும் கிழக்கே சூலம். சூலம் நிற்கும் திசையை நோக்கி அன்றைக்கு யாராவது வெளிக்கிடுவார்களா? யப்பானோ கிழக்குக்கும் கிழக்கு.

என் மனுசன் சிரிப்பார் என்று பார்த்தேன். சிரிக்கவில்லை. முகம் வெளுத்துப் போனது. அவருக்கு ஒரு தம்பி இருந்தான். நாகபட்டினத்துக்குப் போய், அங்கிருந்து ஒரு திங்கட்கிழமை மலாயாக் கப்பல் ஏறினான். எட்டாம் மாதம் காய்ச்சலில் போய்விட்டான்.

"தங்கச்சி" என்றார். முன்னொருநாளும் அப்படி மெதுவாகக் கதைத்ததில்லை. "இது விளையாட்டில்லை. நீ மற்றதெல்லாம் சரியாய்ச் சொன்னனீ, நான் ஒப்புக்கொள்ளுறன். ஆனால் திங்கள் விடமாட்டன். ஒண்டைக் குடுத்தது போதும்."

அடுத்த கப்பல் ஒரு மாதம் கழித்து. பள்ளிக்கூட லீவு போய்விடும், விசயதசமியும் போய்விடும். குணம் வீணைக்கு உறை போட்டு மூலையில் சாத்தினாள். அதைப் பார்க்க எனக்குப் பொறுக்கவில்லை. சுளகைத் தூக்கி எறியவும் மனம் வரவில்லை.

மறுநாள் காலை வண்டி கட்டிக்கொண்டு வல்வெட்டித்துறைக்குப் போனேன். அங்கே நமசிவாயம் தண்டயல் இருந்தார். பர்மாவுக்குப் பாய்க்கப்பல் ஓட்டினவர், எங்கள் புகையிலையையும் ஏற்றினவர். அவர் அறியாத கடல் இல்லை. விஷயத்தைச் சொல்லி, "அண்ணை, திங்களிலை கிழக்கை போகாமல் யப்பானுக்குப் போக ஏலுமோ?" என்று கேட்டேன்.

அவர் வெற்றிலையைத் துப்பிவிட்டு என்னைப் பார்த்தார்.

"எடி பிள்ளை, கொழும்பு எந்தக் கரை?"

"மேற்குக் கரை."

"அப்ப கப்பல் நேரே கிழக்கை போறதெண்டால் தரையிலை ஏறியோ போகும்? முழு இலங்கையும் குறுக்கை கிடக்கெல்லோ! தெற்கை காலிப் பட்டினம் மட்டும் போய்த்தான் மூக்கைத் திருப்பும்."

 எனக்குச் சிரிப்பு வந்தது. "வண்டியிலை ஏறுங்கோ அண்ணை" என்றேன். "சாப்பிட்டிட்டு வாறன்" என்றார். "சாப்பாடு எங்கடை வீட்டிலை." விட்டால் நாளைக்கு என்பார், எனக்குத் தெரியும்.

மத்தியானம் என் மனுசன் முன்னால் தண்டயலை இருத்தினேன். தண்டயல் மண்ணில் விரலால் இலங்கையைக் கீறிக் காட்டினார். என் மனுசன் குனிந்து கன நேரம் பார்த்தார்.

"தெற்கை சூலம் வியாழன்தான்" என்றார் தனக்குத்தானே. "திங்களிலை தெற்கை போகலாம்... ஆனால் தண்டயல், விடிஞ்சால்தான் செவ்வாய். விடிய முந்திக் கிழக்கை திரும்பினால் அது திங்கள்தானே?"

"கப்பல் எத்தினை மணிக்கு வெளிக்கிடுது?"

"இரவு பன்னிரண்டு" என்றாள் குணம் கதவுக்குப் பின்னாலிருந்து.

தண்டயல் விரல் மடித்தார். "காலி வெளிச்சவீட்டுக்குப் போகப் பொழுது விடிஞ்சிடும்."

"கப்டனுக்கு அவசரம் எண்டால்?"

"அவசரம் எண்டாலும் கடலுக்கு அவசரமில்லை, பஞ்சலிங்கம்."

"என்ரை தம்பி..."

"அவன் நாகபட்டினத்தாலை போனவன். அங்கை குறுக்கை ஒண்டும் இல்லை. நேரே கிழக்கைதான்."

என் மனுசன் நிமிர்ந்தார். கண்ணைத் துடைத்துக்கொண்டார். பிறகு என்னைப் பார்த்து, பெரிய கோபம் மாதிரி, "என்ன பார்த்துக்கொண்டு நிக்கிறாய்? தண்டயலுக்குச் சோத்தைப் போடு. தங்கச்சி, உன்ரை பெட்டியிலை பூட்டுச் சரியோ எண்டு பார்!" என்றார்.

கொடிகாமம் ஸ்ரேசனில் ஞாயிற்றுக்கிழமை அவளை ரயில் ஏற்றினோம். அவர் கொழும்புவரை கூடப் போய்க் கப்பலில் விட்டுவிட்டு வருவதாக இருந்தது. அது முடியவில்லை, தோட்டத்தில் புகையிலை நாற்று மேடை போடும் நேரம். எங்கள் சொந்தக்காரர் ஒருவரிடம் ஒப்படைத்தோம். செவ்வாய் விடியற்காலை நான் எழும்பிப் போனபோது அவர் கிணற்றடியில் தெற்கைப் பார்த்தபடி நின்றார். சூரியன் பனைக்கு மேலே வந்ததும், "இப்ப திரும்பியிருக்கும்" என்றார். பிறகுதான் முகம் கழுவினார்.

சிங்கப்பூரிலிருந்து முதல் கடிதம் வந்தது. பள்ளிக்கூட ரீச்சர் ஒருத்தி வாசித்தாள். "அண்ணை, நான் நித்திரை கொள்ளேல்லை. காலி வெளிச்சவீட்டடியிலை சூரியன் கப்பலுக்கு இடப்பக்கம் எழும்பினது. அதுக்குப் பிறகுதான் கப்பல் திரும்பினது. சூரியன் முன்பக்கம் வந்திட்டுது. எல்லாம் செவ்வாயிலைதான்." அந்த வரியை மூன்று தரம் வாசிக்கச் சொன்னார்.

பிறகு கோபே, பிறகு ஒசாக்கா. ஒவ்வொரு கடிதத்துக்கும் ஒரு கொட்டையைச் சுளகின் இந்தக் கரையிலிருந்து அந்தக் கரைக்குத் தள்ளினேன். மான் கும்பிட்டதாம். அதை வாசித்த அன்று அவர் சந்தியில் நின்று, "வன்னி மானுக்குத் தெரியுமோ இந்த மரியாதை?" என்று கேட்டாராம்.

கியோத்தோக் கடிதம் தடிப்பாக வந்தது. விசயதசமியன்று ஓடம் பிடித்து அந்தத் தீவுக்குப் போனார்கள். கன படி ஏறிப் போய், அந்தத் தெய்வத்தின் முன்னால் குணம் இருந்து பாடினாள். யாரும் தடுக்கவில்லை. பாடி முடிய வயதான பூசாரி உள்ளே போய் அந்த ஊர் வீணையை, நாலு தந்தி உள்ளது, கொண்டுவந்து அவள் மடியில் வைத்தார். "பாஷை ஒண்டும் விளங்கேல்லை மச்சாள். தந்தியைத் தொட்டவுடன் எல்லாம் விளங்கிச்சுது. பதினைந்தாம் நாள், நீங்கள் வைச்ச குன்றிமணி சரி."

நான் அழுதுகொண்டு நின்றேன். கொட்டையைத் தள்ள மறந்துபோனேன். என் மனுசன் அந்த மூலைக்கு வந்து குந்தி, முதல் தரமாகச் சுளகைத் தொட்டார். கியோத்தோவைத் தன் விரலால் அந்தக் கரைக்குத் தள்ளினார். "தோக்கியோ ஒண்டுதான் மிச்சம்" என்றார், தானே அடுக்கியதுபோல.

குணம் தை மாதம் வந்தாள். மெலியவில்லை, கறுக்கவில்லை. தோக்கியோவில் ஒரு பள்ளிக்கூடத்தில் பார்த்தபடி இங்கேயும் பிள்ளைகளை வட்டமாக இருத்திப் பாட்டுச் சொல்லிக் கொடுத்தாள். பெண்பிள்ளைகள் வீணை பழகப் பக்கத்து ஊர்களிலிருந்தும் வந்தார்கள். அதோடுதான் யப்பான் ரீச்சர் என்ற பெயர் விழுந்தது. என் மனுசனோ, மலாயாவுக்குப் போகிற எவனைக் கண்டாலும் நிறுத்தி மண்ணில் இலங்கையைக் கீறிக் காட்டத் தொடங்கிவிட்டார். தண்டயல் பெயரையும் சொல்வதில்லை, என் பெயரையும் சொல்வதில்லை. போகட்டும்.

அடுத்த வருஷம் ஒருநாள் சாப்பிட்டுக்கொண்டிருக்கையில் குணம் சொன்னாள்: "அண்ணை, கிழக்கை கிடக்கிற சாவகத் தீவிலை சிவன் கோயில்கள் இருக்காம். போய்ப் பார்க்க வேணும்."

நான் கையைக் கழுவாமலே சுளகை எடுக்க எழுந்தேன்.

அவர் தலை நிமிரவில்லை. சோற்றைக் குழைத்தபடி ஒன்றே ஒன்றுதான் கேட்டார்.

"கப்பல் எந்தக் கிழமை?"