ஆறாவது கோலுக்குப் பிறகு

போன வருடம் தண்டையார்பேட்டைக் கால்பந்து அணி ஒன்றில் ஆடினேன். சீசன் முழுக்க ஓர் ஆட்டத்தில்கூட நாங்கள் ஜெயிக்கவில்லை. எங்கள் கோல்கீப்பர் துறைமுகத்தில் கிரேன் ஓட்டுபவர். நாற்பதைத் தாண்டியவர், நரைத்த மீசை, எப்போதோ உடைந்து கோணிப்போன சுண்டுவிரல். கோல் விழுந்ததும் வலையிலிருந்து பந்தை எடுத்துக்கொண்டு நடுக்கோடு வரை அவரே ஓடிவந்து வைப்பார்.

கடைசி ஆட்டத்தில் ஆறாவது கோல் விழுந்தது. "ரெண்டு நிமிசம்தான் கீது. இன்னாத்துக்குண்ணா இப்டி ஓடியாற?" என்று கேட்டேன்.

"ரெண்டு நிமிசம் கீதுல்ல? ஆடு நைனா."

கோபத்தில் ஓடிப்போய் ஒரு கோல் அடித்துவிட்டேன். திரும்பிப் பார்த்தேன். அவர் சிரிக்கவில்லை, எங்களை அவரவர் இடத்துக்குப் போகச் சொல்லிக் கைகாட்டிக்கொண்டிருந்தார். எங்களிடம் அப்படி எதைக் கண்டாரோ, இன்றும் எனக்குப் புரியவில்லை.