செந்துண்டுக்காரர்களின் அணை

நான் நாற்பத்தொரு பேரைக் கொன்றது ஒரு ஞாயிற்றுக்கிழமை. சர்ச்சில் காலைப் பூசைக்குப் போய், நாக்கில் நன்மை வாங்கி, வீட்டுக்கு வந்து ஐந்து இட்லி சாப்பிட்ட பிறகு. அப்போது எனக்குப் பதினொரு வயது. எத்தனை பேர் என்பதைக் கம்ப்யூட்டரே திரையின் மூலையில் எழுதிக் காட்டியது. இதைச் சொன்னால் கேட்பவர்கள் சிரிக்கிறார்கள். எனக்குச் சிரிப்பு வருவதில்லை. அந்த விளையாட்டை நினைத்தால் இன்றைக்கும் பற்றிக்கொண்டு வருகிறது. யார் மேல் வருகிறது என்பதுதான் வருடத்துக்கு வருடம் மாறியிருக்கிறது.

சாரம் என்கிற பகுதியில் எங்கள் வீடு, இரண்டு அடுக்கு. கீழே நாங்கள், மேலே பெரியப்பா குடும்பம். பெரியப்பா பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்துவிட்டு வந்தவர். அப்படிப்பட்டவர்களை எங்கள் ஊரில் சொல்தா என்பார்கள். பட்டாளத்தை விட்டு வந்த பிறகு அவர் கட்டளையிடுவதற்கு மிச்சமிருந்தவை இரண்டு: அவருடைய மகனும், தோட்டத்துத் தண்ணீர் மோட்டாரும். காலை ஐந்தரைக்கு மோட்டாரைப் போடுவார், ஐந்து நாற்பதுக்கு “அலே, அலே” என்று பிரெஞ்சில் விரட்டி மகனை எழுப்புவார். ஒரு நாளும் இரண்டும் பிசகியதில்லை.

வீடு இரண்டானாலும் மோட்டார் ஒன்று. மேல்தொட்டி நிரம்பிய பிறகுதான் எங்கள் தொட்டிக்குத் தண்ணீரைத் திருப்புவார். அந்த வருடம் ஈஸ்டர் அன்று காலையில் மேலே நிரம்பிய கையோடு கரண்ட் போய்விட்டது. பண்டிகையும் அதுவுமாக நாங்கள் பக்கத்து வீட்டில் குடத்தில் வாங்கிக் குளித்தோம். அன்றிலிருந்து அப்பா தன் கூடப்பிறந்த அண்ணனோடு பேசுவதை நிறுத்திவிட்டார். ஒரு குளியலுக்கு இவ்வளவா என்று நீங்கள் கேட்கலாம். நான் அன்றைக்குக் கேட்கவில்லை. அப்பா பக்கம்தான் நியாயம் என்று எனக்குத் தெரியும். அப்பா பக்கம் எது இருந்தாலும் அது நியாயம்.

பிள்ளைகளுக்கு மட்டும் விலக்கு இருந்தது. நான் மேலே போகலாம். “போறதுன்னா போ. ஆனா அங்க பச்சத் தண்ணி பல்லுல படக் கூடாது” என்று அம்மா ஒவ்வொரு தடவையும் சொல்லி அனுப்புவாள். நான் போனது கம்ப்யூட்டருக்காக.

பெரியப்பா மகன், எனக்கு அண்ணன், பதினைந்து வயது. பிரெஞ்சுப் பள்ளிக்கூடத்தில் படித்தான். விடுமுறைக்குப் பிரான்சிலிருந்து வந்த அவன் மாமா ஒரு விளையாட்டு சிடி கொண்டுவந்து கொடுத்திருந்தார். குண்டுபோட்டு உலகமே எரிந்து முடிந்த பிறகு மிச்சமிருக்கிற மனிதர்களின் கதை. தண்ணீருக்கு அடித்துக்கொள்வார்கள். நம்முடையது ஒரு சின்ன ஊர். கொஞ்ச தூரத்தில் ஒரு பழைய அணை, அதைப் பிடித்து வைத்திருந்த கூட்டம் கழுத்தில் சிவப்புத் துணி கட்டியிருக்கும். பிரெஞ்சில் அவர்களுக்கு என்னவோ பெயர், நான் செந்துண்டுக்காரர்கள் என்றேன். விளையாட்டு முழுவதும் பிரெஞ்சு. எனக்கு அதில் ஒரு வார்த்தை தெரியாது. யார் என்ன பேசினாலும் அண்ணன் பக்கத்தில் உட்கார்ந்து தமிழில் சொல்வான். அவன் இல்லாத நேரத்தில் நான் விளையாடினால், “எது வந்தாலும் ஒண்ணாம் நம்பர அமுக்கு. நான் வந்து பாத்துக்கறேன்” என்பான். அப்படித்தான் இரண்டு மாதம் ஓட்டினோம். விளையாட்டை விட்ட இடத்திலேயே பதிந்து வைக்க, கம்ப்யூட்டரில் எத்தனை இடம் வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளலாம். ஆனால் ஒன்றுக்கு மேல் வைத்துக்கொள்வது பயந்தாங்கொள்ளித்தனம் என்பது அண்ணன் கட்சி. ஆகவே எங்களுக்கு இருந்தது ஒன்றே ஒன்று, புதிதாகப் பதிந்தால் பழையது அழிந்துவிடும்.

எனக்கு அதில் ஒரு கழுதை இருந்தது. மூட்டை சுமந்துகொண்டு பின்னாலேயே வரும், நான் நின்றால் நிற்கும். பாலத்தருகில் ஒரு செந்துண்டுக்காரன் அதைச் சுட்டுவிட்டான். இரண்டு நாள் எனக்குச் சோறு இறங்கவில்லை. அணையையே தகர்த்துவிடலாம் என்று நான் சொன்னபோது அண்ணன் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

“அவனுங்கள ஒண்ணும் பண்ணாத. கத முடியிற வரைக்கும் அவனுங்க வேணும்.”

“எதுக்கு வேணும்?”

“வேணும்னா வேணும்.”

என் கழுதையைக் கொன்றவர்கள் எதற்கு வேண்டும் என்று அவன் விளக்கியிருந்தால் என்ன குறைந்து போயிருக்கும்? பெரியவர்களைவிட, பெரியவர்கள் மாதிரி நடக்கிற பதினைந்து வயதுப் பையன்களைத்தான் எனக்கு இன்றுவரை பிடிப்பதில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை அவன் கால்பந்து ஆடப் போயிருந்தான். பெரியம்மா கதவைத் திறந்து, ஒரு தட்டில் வடை வைத்தாள். நான் தொடவில்லை. அவனுக்குத் தெரியாமல் பல நாளாகச் சேர்த்து வைத்திருந்த வெடிமருந்தையெல்லாம் அணையின் அடியில் கொண்டுபோய் அடுக்கினேன். கடைசி மூட்டையை வைத்ததும் உள்ளேயிருந்து அவர்கள் தலைவன் வந்தான். கையில் துப்பாக்கி இல்லை. ஏதேதோ பேசினான். திரை முழுவதும் எழுத்து, அடியில் பதில் சொல்ல நான்கு வரி. நான் வழக்கம்போல் ஒன்றாம் நம்பரை அமுக்கினேன்.

இவ்வளவு பெரிய சத்தத்தை அந்தக் கம்ப்யூட்டர் அதற்கு முன் போட்டதில்லை. பெரியம்மா சமையலறையிலிருந்து எட்டிப் பார்த்தாள். நான் எழுந்து நின்று குதித்தேன். அண்ணன் வந்து பார்க்கட்டும் என்று, எங்களுக்கிருந்த அந்த ஒரே இடத்தில் அதைப் பத்திரமாகப் பதிந்தும் வைத்தேன்.

பிறகு திரைக்குள் நம் ஊருக்கு நடந்தேன். மாலை போடுவார்கள், விருந்து வைப்பார்கள் என்று எதிர்பார்த்தேன். ஒருத்தி மட்டும் என்னவோ ஒரு வரி சொன்னாள். மற்றவர்கள் விலகிப் போனார்கள். கிணற்றடியில் போய்ப் பார்த்தால் தண்ணீர் இல்லை. அணையில் இருந்தவர்கள்தான் இத்தனை நாளும் அதை இறைத்து விட்டிருக்கிறார்கள். வைத்தியக்காரியின் கடை சாத்தியிருந்தது. பாலத்தில் செந்துண்டுக்காரன் நின்ற இடத்தில் இப்போது நாய்போல ஏதோ மிருகங்கள் திரிந்தன, அவன் அங்கே நின்றது அவற்றைத் தடுக்கத்தான் என்று அப்போதுதான் புரிந்தது. வியாபாரிகள் வரும் பாதையில் ஒரு வண்டி இல்லை. நான் ஊரைச் சுற்றிச் சுற்றி வந்தேன். சண்டை போடக்கூட ஒருத்தன் கிடைக்கவில்லை. எனக்கு அழுகை வரவில்லை, ஆத்திரம்தான் வந்தது. ஜெயித்தவளுக்கு இதுவா மரியாதை?

அண்ணன் வியர்வையோடு உள்ளே வந்தான். பார்த்தான். “இன்னா பண்ணி வச்சிருக்க நீ?” என்று என்னைத் தள்ளிவிட்டு உட்கார்ந்தான். யார் என்ன பேசினார்கள் என்பதை அந்த விளையாட்டு ஒரு நோட்டில் எழுதி வைத்துக்கொள்ளும். அவன் அதைத் திறந்து, அந்தத் தலைவன் சொன்னதை எனக்குத் தமிழில் படித்துக் காட்டினான். கோபமாகப் படித்திருந்தால் தாங்கியிருப்பேன். பள்ளிக்கூடத்தில் பாடம் ஒப்பிப்பதுபோல் படித்தான்.

“‘எங்க புள்ளைங்கல்லாம் உள்ள இருக்குது. கதவ தொறந்து உடுறோம். தண்ணி பாதி உங்களுக்கு, பாதி எங்களுக்கு.’ இதுக்கு நீ முடியாதுன்னு அமுக்கியிருக்க.”

“நீதான ஒண்ண அமுக்கச் சொன்ன?”

“இனிமே மேல வராத” என்றான். கம்ப்யூட்டரை அணைத்துவிட்டான்.

வடைத் தட்டு அங்கேயே இருந்தது. படியிறங்கும்போது எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. தப்பு செய்தவர்களுக்கு வருகிற கோபம் இருக்கிறதே, அதற்கு ஈடு எதுவும் கிடையாது.

மறுநாள் காலை மோட்டார் ஓடவில்லை. பெரியப்பா மேலேயிருந்து ஸ்விட்சைப் போட்டுப் போட்டு அணைக்கும் சத்தம் கேட்டது. அப்பா பல்லில் பிரஷ்ஷோடு தோட்டத்துக்குப் போனார், நான் பின்னாலேயே போனேன். சுவரோரம் போகிற ஒயர் அறுந்து கிடந்தது. அப்பா குனிந்து, நைந்துபோன அந்த முனையைக் கையில் எடுத்துத் திருப்பிப் பார்த்தார். வெகுநேரம் பார்த்தார்.

“அண்ணன்தாம்ப்பா வெட்டுனான். நான் பாத்தேன்” என்றேன்.

எதற்காகச் சொன்னேன் என்று இப்போது யாரும் கேட்க வேண்டாம். வாய் சொல்லிவிட்டது. சொன்னதும் ஒரு நிமிடம் சுகமாகக்கூட இருந்தது. அப்பா என்னைப் பார்த்தார். எப்போது, எதைக் கொண்டு, நீ எங்கே நின்றாய், எதுவும் கேட்கவில்லை. நைந்த முனையைக் கிள்ளி எடுத்துச் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டார். பிறகு படிக்கட்டின் கீழ் நின்று, ஈஸ்டருக்குப் பிறகு முதல் தடவையாகத் தன் அண்ணனைக் கூப்பிட்டார். தெருவே கேட்கும்படி கூப்பிட்டார்.

பெரியப்பா மகனை இழுத்துக்கொண்டு இறங்கி வந்தார். “பண்ணியாடா?” என்று ஒரு தடவைதான் கேட்டார். அண்ணன் என்னைப் பார்த்தான். அவள் பொய் சொல்கிறாள் என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. பெரியப்பாவின் கை பட்டாளத்துக் கை, அறை விழுந்த சத்தம் எனக்கு இன்னும் கேட்கிறது. அவன் அழவில்லை, அதற்கும் நான் கோபப்பட்டேன்.

அப்பா ஒயரைச் சேர்த்துவிட்டு, மேல்வீட்டுக்குப் போகிற குழாயை அன்றைக்கே அடைத்தார். தன் பெயரில் இருக்கிற மோட்டார் தன் வீட்டுக்கு மட்டும்தான் என்றார். ஒரு வாரம் பெரியம்மா தெருக்குழாயிலிருந்து குடம் சுமந்து படியேறினாள். ஒரு சாயங்காலம் பெரியப்பா இறங்கி வந்து, கடைசிப் படிக்கு மேல் படியில் நின்றார்.

“தம்பி, காலையில தண்ணி நீ எடுத்துக்க. சாயங்காலம் நான் எடுத்துக்கறேன். வூட்ல புள்ள இருக்குதுடா.”

அப்பா கதவைச் சாத்தினார். உள்ளே வந்து, “வந்துட்டாரு பாரு வழிக்கு” என்று அம்மாவிடம் சிரித்தார். நானும் சிரித்தேன்.

மழைக்காலத்துக்கு முன்பே அவர்கள் பிரான்சுக்குப் போய்விட்டார்கள். அடுத்த ஞாயிற்றுக்கிழமை எங்கள் வீட்டில் பிரியாணி. அப்பா பக்கத்து வீட்டுக்காரரைக்கூட அழைத்திருந்தார். திங்கட்கிழமை விடிந்து குழாயைத் திறந்தால் காற்றுதான் வந்தது. ஐந்தரைக்கு மோட்டார் போட வேண்டும் என்பது எங்கள் வீட்டில் ஒருவருக்கும் தெரியாது. ஐந்தரை என்று ஒன்று இருப்பதே தெரியாது. குழாயை அடைத்த பிறகும் மேலேயிருந்து எங்களுக்கு அதைப் போட்டுவந்தது பெரியப்பாதான். கிறிஸ்துமஸுக்கு மாடியில் நட்சத்திரம் கட்ட ஏணி பிடிக்க ஆளில்லாமல், அப்பா அதைக் கீழே வாசற்கதவில் கட்டினார். மேலே இருட்டாக இருந்தது. அப்பா சாப்பிட்டு முடித்தால் தெருவில் போய் நின்று, மேலே பார்ப்பார். சண்டை போடக்கூட அங்கே யாரும் இல்லை.

என்னால்தான் எல்லாம் என்று பதினான்கு வருடம் நினைத்துக்கொண்டிருந்தேன். சாமியாரிடம் பாவங்களைச் சொல்கிற பாவசங்கீர்த்தனத்தில்கூடச் சொல்லாமல் விழுங்கினேன். அண்ணனுக்கு இரண்டு பிள்ளைகளாம், ஒரு தடவை நம்பர் கிடைத்தும் நான் பேசவில்லை. எந்த முகத்தோடு பேசுவது?

போன வருடம் நான் விடுமுறைக்கு ஊருக்கு வந்தபோது மோட்டார் மறுபடி நின்றுவிட்டது. எலக்ட்ரீசியன் தோட்டத்தில் குனிந்திருந்தான், அப்பா நாற்காலி போட்டுப் பேப்பர் படித்துக்கொண்டிருந்தார். இதைவிட்டால் வேறு சமயம் வராது என்று தோன்றியது, சொல்லிவிட்டேன். “அன்னைக்கு அண்ணன் ஒயர வெட்டல. நான் பொய் சொன்னேம்ப்பா.”

அப்பா பக்கத்தைத் திருப்பினார். “தெரியும். அது பெருச்சாளி கடிச்ச ஒயரு. பல்லு பட்டது நல்லாத் தெரிஞ்சிதே.”

“அப்ப ஏன் பெரியப்பாகிட்ட சொல்லல?”

“நீதான பாத்தேன்னு சொன்ன?”

மணி கேட்டால் மணி சொல்வதுபோல் சொன்னார். அவர் கையிலிருந்த பேப்பரைப் பிடுங்கிக் கிழித்துப் போட்டேன். எழுபது வயது மனிதரிடம் செய்கிற காரியமா என்று அம்மா கத்தினாள். கத்தட்டும்.

அன்று காலையில், பிரஷ்ஷைப் பல்லில் கடித்துக்கொண்டு, அவர் அந்த முனையைச் சட்டைப் பைக்குள் போட்டதை நான் பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். அண்ணனுக்கு எதிராகச் சாட்சி வேண்டுமே, அதற்காகப் பத்திரப்படுத்துகிறார் என்று நினைத்தேன்.