சைலன்டில் போட்ட போன்

ஆறுமுகநயினாரை நான் மூன்று தடவை திட்டியிருக்கிறேன். மூன்று தடவையும் அவர் சிரித்துக்கொண்டே தலையை ஆட்டினார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. எதிர்த்துப் பேசுகிறவனோடு மல்லுக்கட்டலாம். சிரிக்கிற மனிதரை என்ன செய்வது?

கழக்கூட்டம் என்ற மலையாள ஊரில் நாங்கள் இருக்கும் குடியிருப்பில் நாற்பத்தெட்டு வீடுகள். என் மகன் மஹேஷுக்கும் மருமகள் ஸ்நேகாவுக்கும் ஐ.டி. வேலை. கிழக்கேகோட்டையில் முப்பத்தைந்து வருஷம் குப்பை கொட்டிய என்னை இங்கே முதல் மாடியில் கொண்டுவந்து வைத்திருக்கிறார்கள். எங்கள் பால்கனிக்கு நேர் கீழே கேட். கேட்டில் செக்யூரிட்டி ஆறுமுகநயினார், பூதப்பாண்டிக்காரர், அறுபத்தொரு வயது. இருபத்தாறு வருஷம் ஒரு மர அறுவை மில்லில் இருந்தவர். மில்லை மூடியதும் இரண்டு இடத்தில் வயசைக் காட்டித் துரத்திவிட்டார்கள், மூன்றாவதாக இங்கே வந்தார். வேலையோடு சேர்த்து மாடிப்படிக்கு அடியில் ஓர் அறை கொடுத்திருந்தார்கள். அதில்தான் அவரும் மனைவி சரஸ்வதியம்மாளும் குடியிருந்தார்கள். வேறு வீடு வாசல் கிடையாது.

சரஸ்வதியம்மாள் அவர் பக்கத்திலேயே ஒரு ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்து கீரை ஆய்ந்துகொண்டிருப்பாள். கீரை இல்லாத நாளில் சும்மாவே உட்கார்ந்திருப்பாள். கார் ஹாரன் அடித்தால் அவர் முழங்காலில் தட்டுவாள், அவர் எழுந்துபோய் கேட்டைத் திறப்பார். “காவல்காரருக்கே ஒரு காவலா?” என்று நான் கேலி செய்ததுண்டு. “எனக்கு வேற என்னம்மா சோலி?” என்று சிரித்து மழுப்பிவிடுவாள்.

அவர்கள் மகள் ஸ்ரீப்ரியாவுக்கு இது பிள்ளைபெறும் மாதம். தலைப்பிரசவம் தாய்வீட்டில்தான் நடக்க வேண்டும். இவர்களுடைய தாய்வீடோ பத்துக்குப் பத்து அறை, தலைக்குமேல் எந்நேரமும் ஆள் ஏறி இறங்கும் படி. அதனால் மகள் இங்கே வருவதற்குப் பதில் அம்மா நாகர்கோவிலுக்குப் போனாள். போகும்போது என் நம்பரை வாங்கிக்கொண்டாள். “அவுகளக் கொஞ்சம் பாத்துக்கிடுங்கம்மா” என்றாள். எல்லா மனைவியும் சொல்வதுதானே என்று நானும் சரி என்றேன்.

அவள் போன இரண்டாம் நாள் சத்தம் ஆரம்பித்தது. மத்தியானம் இரண்டு மணிக்கு, போக்குவரத்து ஓய்ந்து உலகமே கண்ணயரும் நேரத்தில், கேட்டிலிருந்து, ஆறுமுகநயினாரின் போன் கேமில், பொளக் பொளக் என்று குமிழி வெடிக்கும். நாலைந்து சேர்ந்து வெடித்தால் ஜால்ரா தட்டும். பிறகு ஒருத்தி ‘சூப்பர்’ என்று கத்துவாள். ஸ்நேகா வீட்டிலிருந்தே ஆபீஸ் மீட்டிங்கில் பேசிக்கொண்டிருக்கையில், அங்கே என்ன பிறந்தநாள் பார்ட்டியா என்று யாரோ கேட்டுவிட்டார்களாம். அவள் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டாள். என் தூக்கமும் போயிற்று. நான் பிறவிக் கோபக்காரி, தூக்கம் கெட்டால் கேட்கவே வேண்டாம்.

முதல் தடவை பால்கனியில் நின்று திட்டினேன். இரண்டாம் தடவை கேட்டுக்கே போய்த் திட்டினேன். மூன்றாம் தடவை போனைச் சுட்டிக்காட்டி, “இதை நிறுத்தப் போறேளா இல்லையா?” என்றேன். “சைலன்ட்லதாம்மா போட்டிருக்கேன்” என்றார் மனிதர், கொஞ்சமும் கூசாமல். அவர் கையிலேயே அது ‘சூப்பர்’ என்று கத்துகிறது. இப்படியும் ஒரு பச்சைப்பொய் உண்டா என்று நினைத்துக்கொண்டு மாடி ஏறினேன்.

மறுநாள் விறுவிறுவென்று இறங்கிப்போய் போனைக் கையிலிருந்து பிடுங்கினேன். மகள் வேண்டாமென்று கொடுத்த பழைய போன். மூலையில் விரிசல், பின்மூடி கழன்றுவிடாமல் ரப்பர் பேண்ட். பக்கவாட்டில் சத்தத்தைக் கூட்டிக் குறைக்கிற பொத்தான் விழுந்து வெறும் குழி. மேலே மணிப் படத்துக்குக் குறுக்கே ஒரு கோடு இருந்தது. பொய் சொல்லவில்லை, சைலன்டில்தான் போட்டிருந்தார். ஆனால் அந்தப் போனில் சைலன்ட் என்பது மணிக்கு மட்டும்தான், கேமுக்குத் தனிக் கணக்கு. ஒரு டாக்டர் வீட்டு வராந்தாவில் சைலன்டில் கிடந்த என் போனே உரக்க உபன்யாசம் பண்ணி மானத்தை வாங்கியிருக்கிறது, அதனால் எனக்கு இது தெரியும். செட்டிங்ஸில் சவுண்டைத் திறந்து பார்த்தேன். ‘மீடியா’ என்ற கோடு கடைசி வரை நிரம்பியிருந்தது.

“இதோ, இதுதான் அலறறது. நீங்களே கேளுங்கோ” என்று கேமைத் திறந்து அவர் இடது காதை ஒட்டிப் பிடித்தேன். அது போட்ட கூச்சலில் மதில்மேல் படுத்திருந்த பூனை குதித்து ஓடியது. ஆறுமுகநயினார் அசையவில்லை. என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் பேசி முடித்துவிட்டேன் என்று தெரிந்ததும், “செரிம்மா, சைலன்ட்ல போட்டிருக்கேன்” என்றார்.

கேமை நிறுத்தினேன். “காது கேக்கலையா?” என்றேன், உதடு தெரியும்படி மெதுவாக.

அவர் சுற்றுமுற்றும் பார்த்தார். “எடது காதுல ஒண்ணுமே இல்லம்மா. வலத்துல, கிட்ட வந்து ஒரக்கச் சொன்னா கொஞ்சம் விழும். எல்லாம் அந்த மில்லு வாளு செஞ்ச வேலை. சரசு இருக்கது வரைக்கும் ஒருத்தருக்கும் தெரியாமப் பாத்துக்கிட்டா. இப்பம் பேசதுக்கும் ஆளில்ல, அதான் இந்த வெளையாட்டு. கேக்காத பயலுக்குச் சத்தம் வருதுன்னு எப்படித் தெரியும்?” பிறகு குரலைத் தணித்தார். “தெரிஞ்சா வேலையும் போச்சு, ரூமும் போச்சும்மா. அவ வாறது வரைக்கும் யாருகிட்டயும் சொல்லிராதீங்க.”

என்னையே செருப்பால் அடித்துக்கொள்ள வேண்டும்போல் இருந்தது. மீடியா கோட்டைச் சுழியில் கொண்டுபோய் வைத்துவிட்டுப் போனைத் திருப்பிக் கொடுத்தேன். “என் வாயிலேர்ந்து வராது” என்றேன். என் வாயைப் பற்றித் தெரிந்தவர்கள் யாரும் அந்த வாக்கை நம்பியிருக்க மாட்டார்கள். அவர் நம்பினார்.

அன்றிலிருந்து சரஸ்வதியம்மாள் பார்த்த வேலையை நான் பால்கனியில் நாற்காலி போட்டுப் பார்த்தேன். தெருமுனையில் கார் திரும்பினால் அவர் நம்பருக்கு ஒரு மிஸ்டு கால் கொடுப்பேன். வைப்ரேட்டில் நான் போட்டுக் கொடுத்த போன் சட்டைப்பையில் நடுங்கும், எழுந்துபோய் கேட்டைத் திறப்பார். ஸ்நேகா, “மாமிக்குத் திடீர்னு வெளிக்காத்து பிடிச்சுப்போச்சா?” என்று கேட்டாள். “ஆமாம், மூட்டுவலிக்கு நல்லதாம்” என்றேன். ஞாயிறு மத்தியானம் சரஸ்வதியம்மாள் என் போனுக்குக் கூப்பிடுவாள். காது விஷயம் எனக்குத் தெரிந்துவிட்டது என்று முதல் ஞாயிறே அவளிடம் சொல்லிவிட்டேன். அவள் சொல்வதை நான் கீழே போய் அவர் வலது காதில் சொல்வேன், அவர் சொல்வதை அவளிடம் சொல்வேன். “நீங்க பாத்துக்கிட்டதுக்கு உங்க குடும்பம் நல்லா இருக்கணும்மா” என்பாள். இப்படி மூன்று வாரம் ஓடிற்று, ஒரு சின்னப் பிசகுகூட இல்லை.

ஒரு வெள்ளிக்கிழமை பழவங்காடிப் பிள்ளையாருக்கு விடலைத் தேங்காய் உடைக்கப் போனேன், மஹேஷுக்காக நேர்ந்துகொண்டது. திரும்பும்போது கொட்டு கொட்டென்று மழை, பஸ் ஊர்ந்தது. அந்த நேரம் பார்த்துத்தான் எங்கள் அசோசியேஷன் தலைவர் ஜெயகுமாரின் கார் கேட்டுக்கு வெளியே வந்து நின்றிருக்கிறது. பத்து நிமிஷம் ஹாரன் அடித்திருக்கிறார். ஆறுமுகநயினார் காவல் கூண்டுக்குள் குனிந்து குமிழி வெடித்துக்கொண்டிருந்திருக்கிறார். ஜெயகுமார் நனைந்தபடி இறங்கி வந்து கத்தியபோது, பாவி மனுஷர், சிரித்துத் தலையாட்டியிருக்கிறார்.

ஞாயிற்றுக்கிழமை காலை கீழ்த்தளத்து ஹாலில் கூட்டம் போட்டார்கள். ஆறுமுகநயினாரை வரச்சொல்லிக் கதவருகே நிறுத்தினார்கள். ஜெயகுமார் பாதித் தமிழும் பாதி மலையாளமுமாக நடந்ததைச் சொன்னார். “ஜோலி நேரத்தில கேம். அதுகூடப் போட்டும், ஒரு வார்னிங் லெட்டர் கொடுத்து விட்டுடலாம். பட்சே ஞான் திட்டறேன், ஆளு சிரிக்குது. அந்த அகங்காரம்தான் எனக்கு சகிக்க முடியலை.”

வார்னிங் லெட்டர். அவ்வளவுதான் விஷயம். ஒரு காகிதத்தைக் கொடுத்துவிட்டுக் கலைந்து போயிருப்பார்கள். நான் வாயைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தால் போதும், உட்கார்ந்தும் இருந்தேன். அப்போது பின்வரிசையில் ஒருவர், “மரம் அறுத்த ஆளுக்கு மரியாதை எங்கே தெரியும்?” என்றார். நாலு பேர் சிரித்தார்கள். கதவருகே ஆறுமுகநயினாரும், எல்லோரும் சிரிக்கிறார்களே என்று, கூடச் சிரித்தார்.

எனக்குத் தாங்கவில்லை. “என்ன பேச்சு இது?” என்று எழுந்துவிட்டேன். “காது கேக்காத மனுஷரைப் பிடிச்சு அகங்காரம்ங்கறேளே, உங்களுக்கெல்லாம் மனசாட்சி இருக்கா? அவருக்கு நீங்க திட்டினதும் கேக்கலை, ஹாரனும் கேக்கலை. தெரிஞ்சுதா?”

சொல்லி முடித்தபின்தான் என்ன சொன்னேன் என்று எனக்கே உறைத்தது. ஜெயகுமாரின் முகம் இளகிவிட்டது, அதுதான் வினை. “அய்யோ, பாவம்” என்றார். “நமக்குத் தெரியாமப் போச்சே. மேடம் சொன்னது நல்லதாப் போச்சு.” இதற்குமேல் யாரும் அவரைக் குறை சொல்லவில்லை. ஸ்கூல் வேன் வருகிற கேட், பின்னால் எடுக்கிற கார்கள், அவருக்கே ஆபத்து இல்லையா என்று ஆளாளுக்கு மிகவும் அன்பாகப் பேசினார்கள். மாசக் கடைசிவரை இருக்கட்டும், அதற்குள் அறையையும் பார்த்துக்கொள்ளட்டும் என்று முடிவாயிற்று. கை தூக்கச் சொன்னபோது என் மகன் மஹேஷும், என் முகத்தைப் பார்க்காமல், கையைத் தூக்கினான்.

கதவருகே ஆறுமுகநயினார் என்னைப் பார்த்துக் கைகூப்பிக்கொண்டு நின்றார். நான் ஆவேசமாகப் பேசியதைப் பார்த்திருக்கிறார், தலைவர் முகம் மாறியதையும் பார்த்திருக்கிறார்.

எல்லோரும் கலைந்தபின் என்னிடம் வந்தார். “ரொம்ப உபகாரம்மா. நமக்காக எந்திச்சுப் பேச இங்க யாரு இருக்கா? நீங்க பேசினதும் அவரு அப்படியே அடங்கிட்டாரு. என்னம்மா சொன்னீங்க?”

வலது காதருகே குனிந்து சொன்னேன். அவருக்கு விழவில்லை. இன்னொரு தடவை உரக்கச் சொல்ல வேண்டியிருந்தது. காதைப் பற்றிச் சொன்னேன், வேலையைச் சொன்னேன், அறையைச் சொன்னேன். ஹாலில் அது எதிரொலித்தது. மன்னித்துக்கொள்ளுங்கள் என்று சொன்னேன், அது கேட்டதோ என்னவோ. அவர் என்னை ஒரு வார்த்தை வையவில்லை. வைதிருந்தால் நன்றாயிருந்திருக்கும். சுவரைப் பிடித்துக்கொண்டு அங்கேயே பெஞ்சில் உட்கார்ந்தார்.

கொஞ்ச நேரம் கழித்து, “இன்னைக்கு சரசு கூப்பிடுவாள்லா?” என்றார். “வெளையாட்டாலதான் வேலை போச்சுன்னு அவகிட்டச் சொல்லுங்கம்மா. காதுன்னு சொன்னா, தான் விட்டுட்டு வந்ததாலதான்னு நெனச்சிருவா. மகள அப்படியே போட்டுட்டு ஓடி வந்திருவா. புள்ளைக்கு இந்த வாரம் நாள் குறிச்சிருக்கு.”

மத்தியானம் அவள் கூப்பிட்டாள். அவர் பக்கத்திலேயே நின்று என் உதட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார். “கேம் ஆடிண்டு இருந்துட்டார். தலைவர் கார் வந்து நின்னதைக் கவனிக்கலை. மாசக் கடைசியோட வேண்டாம்னுட்டா” என்றேன்.

அவள் பிடித்துக்கொண்டாள். “இந்த வயசுல வெளையாட்டு கேக்குதாம்மா இவுகளுக்கு? புள்ளையும் கையுமா அவ வந்தா எங்க வைக்கது? கூறுகெட்ட மனுசன், கூறுகெட்ட மனுசன்” என்று அழுதாள். நான் அதையெல்லாம் அவரிடம் சொல்லவில்லை. அவர் கேட்கவும் இல்லை.

அழுது ஓய்ந்தபின் அவள் குரல் தணிந்தது. “அம்மா, காது விசயம் வெளிய வரலைல்லா?”

“வரலை” என்றேன்.

“அது போதும்மா” என்று பெருமூச்சு விட்டாள். “வெளையாட்டுன்னா நாளைக்கு வேற ஒரு எடத்துல மன்னிச்சு எடுத்துக்கிடுவாங்க. அந்தத் தலைவர்கிட்ட, நல்ல ஆளுதான்னு ஒரு லெட்டர் மட்டும் வாங்கித் தந்திருங்க. நீங்க எந்திச்சுப் பேசினா அவங்க கேப்பாங்கம்மா.”